மணியடித்தால்தான் பதில் வரும்

பத்தொன்பது வருஷம், நாளைக்கு நாலு ட்ரிப்பு. ஒவ்வொரு ட்ரிப்பிலும் ஒரு தடவை, தலைக்கு மேலே பலகை அதிர அறுபது பேர் சேர்ந்து சிரிப்பார்கள். அந்தச் சிரிப்புக்குக் காரணம் அவர்தான். ஆனால் சிரித்தவர்களில் ஒருத்தர்கூட அவர் முகத்தைக் கண்டதில்லை.

அவர் மோட்டார்காரர். ஊர் பார்க்க வந்தவர்களை ஏற்றிக்கொண்டு துறைமுகத்தை ஒரு சுற்றுச் சுற்றிக் காட்டும் பச்சைப் படகில், அடிவயிற்றில், இன்ஜினுக்குப் பக்கத்தில் ஒரு தகர ஸ்டூல்தான் அவர் இடம். அங்கே ஜன்னல் கிடையாது. மேலே சுக்கான் பிடித்தவர் அவருடைய கூடப்பிறந்த அக்கா. படகில் கயிறு கட்டி டிக்கெட் கிழிக்கிற ஆள் இரண்டு பேருக்கும் பெயர் வைத்திருந்தான். அக்கா மேல்வீடு, தம்பி கீழ்வீடு. துறைமுகம் முழுக்க அதுவே நிலைத்துவிட்டது. உண்மையான வீட்டில் எல்லாம் தலைகீழ்: அவர் குடும்பம் மாடியில், அக்கா கீழே. அதை யார் கேட்டார்கள்?

அக்காவுக்கு ஒரு கை சுக்கானில், இன்னொரு கை மணிக்கயிற்றில். மைக் கழுத்தில் தொங்கும். நாற்பது நிமிஷமும் வாய் ஓயாது. கிரேன் வரிசைக்கு ஒரு கதை, தானியக் கிடங்குக்கு ஒரு கதை, கலங்கரை விளக்கத்துக்கு ஒரு கதை. அது முடிந்ததும், வலது பக்கம் நீளமாக ஓடும் கல்சுவரை ஒட்டிப் படகு போகும்போது, குரலைத் தாழ்த்தி ரகசியம் மாதிரி ஆரம்பிப்பார்:

"கீழ என் தம்பி இருக்கான். மோட்டார் அவன் பொறுப்பு. நம்ம பேசினா பதில் வராது, மணியடிச்சாத்தான் வரும். பாவம், அவன் பொண்டாட்டியும் பாத்தா, பாத்தா, வீட்டுக்கு ஒரு மணி வாங்கிட்டா."

உடனே சிரிப்பு. அது அடங்க அரை நிமிஷம் ஆகும். அதற்குள் படகு ஒரு ஆட்டம் ஆடும், அப்புறம் இரண்டு மணி அடிக்கும், அவர் வேகத்தைக் குறைப்பார், அக்கா வலது பக்கம் திருப்புவார்.

அவர் மனைவி மணி எதுவும் வாங்கவில்லை. ஆனாலும் விசேஷ வீட்டில் கை கழுவப் போனால், பின்னாலிருந்து யாராவது டம்ளரில் கரண்டியால் தட்டி, பதில் வருதா பாரு என்பார்கள். முடி வெட்டுகிற கடையில்கூட ஒரு தடவை நடந்தது. அதுவும் பாதித் தலையில். எழுந்து போகவும் முடியவில்லை.

பலமுறை அக்காவிடம் சண்டை போட்டிருக்கிறார். ஜனங்களுக்குச் சொல்ல ஊரில் வேறு விஷயமே இல்லையா என்று கேட்டிருக்கிறார். அக்கா மறுக்கவும் மாட்டார், ஒத்துக்கொள்ளவும் மாட்டார். சரிடா, பாக்கலாம்டா என்பார். மறுநாள் காலை பத்து மணிக்கு மறுபடி பலகை அதிரும்.

அக்காவைப் பற்றிச் சொல்லத்தான் வேண்டும். சின்ன வயதில் துறைமுக அலுவலகத்தில் பெருக்கித் துடைக்கிற வேலைக்குப் போனவர். அங்கே மேலதிகாரி அறையில், கண்ணாடி போட்ட சட்டத்துக்குள் துறைமுக வரைபடம் ஒன்று சுவர் அளவுக்கு மாட்டியிருந்தது. எட்டு வருஷம், தினமும் காலையில் அந்தக் கண்ணாடியைத் துடைத்தார். எங்கே எத்தனை ஆழம், எங்கே பாறை, எங்கே மணல் மேடு என்று துணியோடு சேர்ந்து மண்டைக்குள்ளும் ஏறிவிட்டது. ஒருநாள் அதிகாரிகள் இரண்டு பேர் ஒரு மணல் மேட்டைப் பற்றி வாதாடிக்கொண்டிருந்தபோது, வாளியைக் கீழே வைத்துவிட்டு, மேடு அங்க இல்லீங்க, நாலு விரல் தள்ளி என்றாராம். வரைபடத்தைப் பார்த்தார்கள். நாலு விரல் தள்ளித்தான் இருந்தது.

அதற்கப்புறம் சுக்கான் பரீட்சை. அக்காவும் தம்பியும் ஒரே நாளில்தான் எழுதப் போனார்கள். தம்பி நாலாம் வகுப்பு. கேள்வித்தாளைப் படித்து முடிப்பதற்குள் மணியாகிவிட்டது. அக்கா தேறினார், அவர் தேறவில்லை. அந்தப் பரீட்சையைப் பற்றி அக்கா இன்றுவரை ஒருத்தரிடமும் வாய் திறந்ததில்லை. அது ஒன்றுக்காகத்தான் தம்பி அந்தக் கேலியைப் பொறுத்துக்கொண்டிருந்தார் என்றும் சொல்லலாம்.

அக்கா புருஷன் கப்பலில் சமையல்காரர். வருஷத்தில் ஒன்பது மாதம் தண்ணீரில். மீதி மூன்று மாதம் வீட்டில் இருந்தாலும் வெங்காயத்தைத் தொடமாட்டார், படகில் ஏறச் சொன்னால் கும்பிடு போடுவார். அக்கா யாரையும் எதிர்பார்க்கிற ஆளே இல்லை. பனிமூட்டம் இறங்கிக் கண்ணுக்கு முன்னால் கை தெரியாத நாளில்கூட அக்கா படகு கல்சுவரை உரசினதில்லை. துறைமுகத்தில் அது ஒரு பேச்சு. எப்படி என்று கேட்டால், வாய் பேசுது, கை திருப்புது, அவ்வளவுதான் என்பார். ஏதோ மழுப்புகிறார் என்று எல்லாரும் விட்டுவிட்டார்கள். தம்பியும் விட்டுவிட்டார்.

படகில் அக்கா வைத்த சட்டம் ஒன்றே ஒன்று. மணிக்குப் பின்னாலதான் கை. ஒரு மணி என்றால் முன்னால் போ. இரண்டு என்றால் வேகத்தைக் குறை. மூன்று என்றால் பின்னுக்கு எடு. மணி அடிக்காமல் கை அசையக் கூடாது. அடித்த பிறகு ஏன் என்று கேட்கக் கூடாது. மேலே இருப்பவருக்குக் கண் இருக்கிறது, கீழே இருப்பவருக்கு இல்லை. பத்தொன்பது வருஷத்தில் அவர் அந்தச் சட்டத்தை ஒருமுறையும் மீறியதில்லை.

அப்படியிருக்க, அவர் மகளுக்கு வரன் வந்தது. வந்தது என்ன, அவளே பார்த்துக்கொண்டாள். கண்ணாடிக் கடையில் அவளோடு வேலை செய்கிற பையன், நல்ல மாதிரி. ஆனால் பையனுடைய அப்பா பெரிய பள்ளிக்கூடத்தில் தலைமையாசிரியராக இருந்து ஓய்வு பெற்றவர். வீட்டில் புத்தக அலமாரி மட்டும் மூன்று என்று மகள் சொன்னாள். பெண்ணைப் பற்றி அவர்களுக்கு ஆட்சேபம் இல்லை. குடும்பத்தைப் பார்த்துவிட்டுச் சொல்கிறோம் என்றார்கள். எங்கே பார்ப்பது? ஞாயிற்றுக்கிழமை எல்லாருமாகப் படகில் ஒரு சுற்றுப் போய்வரலாம், அவள் அத்தை படகு ஓட்டுவதைப் பார்க்க வேண்டும் என்று பையன்தான் ஆசைப்பட்டுக் கேட்டிருக்கிறான்.

அன்று சாயங்காலமே மாடியிலிருந்து இறங்கி அக்கா வீட்டுக்கு வந்தார். அக்கா அடுப்பில் எதையோ கிளறிக்கொண்டிருந்தார்.

"ஞாயித்துக்கிழமை பத்து மணி ட்ரிப்புல அதைச் சொல்லாதே."

"எதை?"

"எதைன்னு உனக்குத் தெரியாது பாரு. அந்த மனுஷன் தலைமையாசிரியர்க்கா. அவர் முன்னாடி அறுபது பேர் என்னைப் பார்த்துச் சிரிச்சா, நாளைக்கு என் பொண்ணு அந்த வீட்டுல எப்படித் தலை நிமிர்ந்து நடப்பா? நான் நாலாவது படிச்சவன்னு அவங்களுக்குத் தெரியும். மணியடிச்சா ஓடுற ஆளுன்னும் தெரியணுமா?"

அக்கா அடுப்பை அணைத்தார். திரும்பித் தம்பியை ஒரு நிமிஷம் பார்த்தார். இந்தத் தடவை பாக்கலாம்டா என்று சொல்லவில்லை.

"சொல்லமாட்டேன் போ. சத்தியம்."

ஞாயிற்றுக்கிழமை வெயில் பளிச்சென்று இருந்தது. அவர் புதுச் சட்டை போட்டுப் படித்துறையில் நின்று சம்பந்தி வீட்டாரை வரவேற்றார். தலைமையாசிரியர் வெள்ளைச் சட்டை, வெள்ளை முடி, அளந்து பேசுகிற ஆள். அவர் வீட்டம்மாவுக்குத் தண்ணீர் என்றால் பயம். பலகையில் கால் வைக்கவே மகனுடைய கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். எல்லாரையும் உட்கார வைத்துவிட்டு, புதுச் சட்டையைக் கழற்றி ஆணியில் மாட்டிவிட்டு, எண்ணெய்ச் சட்டையோடு மோட்டார்காரர் கீழே இறங்கினார். ஒரு மணி அடித்தது. படகு கிளம்பியது.

ஜன்னல் இல்லாவிட்டாலும் அவருக்குத் துறைமுகம் முழுக்கக் காதிலும் காலிலும் இருந்தது. இரும்பு உரசினால் கிரேன் வரிசை. புறாச் சத்தம் கேட்டால் தானியக் கிடங்கு. கல்சுவர் பக்கம் வந்துவிட்டால் இன்ஜின் சத்தம் சுவரில் பட்டு வலது பக்கக் காற்றுக்குழாய் வழியாகத் திரும்பி வரும், இன்னொரு இன்ஜின் பக்கத்தில் ஓடுகிற மாதிரி. சுவர் முடிகிற இடத்துக்கு நேர் எதிரே, இடது பக்கம், துறைமுகத்தின் வாய். அதன் வழியாகக் கடல் அலை உள்ளே வந்து படகைப் பக்கவாட்டில் தூக்கிப் போடும். அந்த ஆட்டம் முடிந்தால் சுவரும் முடிந்தது. அதற்கப்புறம்தான் வலது பக்கம் திரும்ப வேண்டும், சுவருக்குப் பின்னால் இருக்கிற பழைய கப்பல் பட்டறைக்கு.

கிடங்கைத் தாண்டியதும் காற்றுக்குழாயில் ஈரமாக ஒரு குளிர் இறங்கியது. மேலே பேச்சு குறைந்தது. கயிற்றுக்காரன் தலையை நீட்டி, மூட்டம் இறங்கிடுச்சு கீழ்வீடு, மூக்கு நுனி தெரியல என்று சொல்லிவிட்டுப் போனான். அக்கா குரலில் மாற்றமே இல்லை. கலங்கரை விளக்கத்தின் கதையை எந்த அவசரமும் இல்லாமல் சொல்லி முடித்தார். வலது பக்கம் இரண்டாவது இன்ஜின் ஓட ஆரம்பித்தது. கல்சுவர் வந்துவிட்டது.

மோட்டார்காரர் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். இப்போதுதான் அது வரும். சத்தியத்தை மறந்து வாய் தவறிச் சொல்லிவிட்டால்?

அக்கா சொல்லவில்லை. கலங்கரை விளக்கம் முடிந்ததும் நேராக அடுத்ததற்குப் போனார்: "இப்ப வலது பக்கம் திரும்பப் போறோம். நீங்க பாக்கப் போறது பழைய கப்பல் பட்டறை." இவருக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. இருந்தாலும் அக்கா அக்காதான் என்று நினைத்தார். அதே நேரம் டிங் டிங் என்று இரண்டு மணி அடித்தது. கை தானாகவே வேகத்தைக் குறைத்தது.

குறைத்த பிறகுதான் உறைத்தது. படகு ஆடவில்லையே.

அலை வரவில்லை. வலது பக்க இன்ஜின் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது. ஓடுவது மட்டுமில்லை, சத்தம் கூடுகிறது. சுவர் முடியவில்லை. அக்கா சுவருக்குள்ளேயே திருப்பிக்கொண்டிருக்கிறார்.

அந்த இடத்தில் அவருக்கு எல்லாம் ஒரு நொடியில் புரிந்தது. வாய் பேசுது, கை திருப்புது. மூட்டத்தில் அக்காவுக்குக் கடிகாரம் அவர் பேச்சுத்தான். எந்தக் கதை முடிந்தால் எந்த இடம் என்று கணக்கு. கேலியும் சிரிப்பும் சேர்ந்து ஒரு நிமிஷம். அந்த ஒரு நிமிஷத்தைத்தான் இவர் கெஞ்சிக் கூத்தாடி வெட்டி எடுத்துவிட்டார்.

மேலே ஓடிச் சொல்ல நேரமில்லை. கத்தினால் இன்ஜின் சத்தத்தில் கேட்காது. மூன்று மணி அடிக்கவில்லை. கண் இருப்பவர் மேலே இருக்கிறார், மணிக்குப் பின்னாலதான் கை. கை லீவரின் மேல் நின்றது. பத்தொன்பது வருஷச் சட்டம் அந்தக் கையைப் பிடித்துக்கொண்டது. அவர் பல்லைக் கடித்து லீவரைப் பின்னுக்கு இழுத்தார். முழுசாக இழுத்தார்.

இன்ஜின் அலறியது. படகு நடுங்கி, தயங்கி, நின்றது. ஸ்டூல் உருண்டது. மேலே யாரோ விழுந்தார்கள், யாரோ கத்தினார்கள். அப்புறம் கயிற்றுக்காரனுடைய குரல் மட்டும் முன்பக்கத்திலிருந்து, ரொம்ப மெதுவாக வந்தது: சுவரு இங்க இருக்கு. கை நீட்டினா தொடலாம்.

கொஞ்ச நேரத்தில் ஏணித் துளையில் அக்கா முகம் தெரிந்தது. சுக்கான் பிடித்த நாளிலிருந்து ஓட்டத்தின் நடுவில் அக்கா அந்தத் துளைக்கு வந்ததில்லை. முகத்தில் ரத்தமே இல்லை. ஆனால் கண் நேராகத்தான் பார்த்தது.

"தப்பு என்னுதுடா. ஜனம் பயந்து கெடக்கு. அந்தம்மா அழறாங்க." இன்னும் குனிந்து, "சொல்லட்டுமா?" என்றார்.

என்ன என்று கேட்கத் தேவையில்லை. மேலே சம்பந்தி இருக்கிறார். மகள் இருக்கிறாள். மோட்டார்காரர் முகத்தில் வழிந்த வியர்வையைத் துடைத்தார். எண்ணெய்தான் அப்பிக்கொண்டது.

"சொல்லித் தொலை."

மைக் உயிர் பெற்றது. அக்கா முதலில் தப்பைச் சொன்னார். திருப்பத்தை நான்தான் முன்னாடியே எடுத்துட்டேன், என் கணக்குத் தப்பு என்று மூடி மறைக்காமல் சொன்னார். அப்புறம் அதே தாழ்ந்த குரல்.

"கீழ என் தம்பி இருக்கான். மணியடிச்சாத்தான் பதில் வரும். அவன் பொண்டாட்டியே வீட்டுக்கு ஒரு மணி வாங்கிட்டான்னு தினமும் சொல்லுவேன். பொய். அவ வாங்கல. பத்தொன்பது வருஷத்துல இன்னிக்குத்தான் மணியடிக்காமலே பதில் சொல்லியிருக்கான். அதனாலதான் நம்ம எல்லாரும் உக்காந்திருக்கோம்."

முதலில் ஒருத்தர்தான் சிரித்தார். பிறகு இன்னொருத்தர். பிறகு பலகை அதிர்ந்தது. அந்தச் சிரிப்பில் அழுகையும் கொஞ்சம் கலந்திருந்தது. தலைமையாசிரியர் வீட்டம்மாவுடைய சிரிப்புத்தான் எல்லாருக்கும் மேலே கேட்டதாக மகள் பிற்பாடு சொன்னாள். அக்கா மூன்று மணி அடித்தார். இவர் பின்னுக்கு எடுத்தார். படகு சுவரை விட்டு விலகியது. ஒரு மணி அடித்தது. அப்புறம் அலை வந்தது, படகு ஆடியது, இரண்டு மணி அடித்தது, வேகத்தைக் குறைத்தார். எல்லாம் அதனதன் இடத்தில்.

படித்துறையில் எல்லாரும் இறங்குவதற்கு முன் ஏணியில் ஒரு வெள்ளைச் சட்டை தெரிந்தது. தலைமையாசிரியர் ஒவ்வொரு படியாக இறங்கி வந்தார். உட்கார இடம் இல்லாமல் ஸ்பானர் பெட்டியின் மேல் உட்கார்ந்தார். முழங்கையில் கரி பட்டதை அவர் பார்த்தாரா தெரியவில்லை.

"நான் முப்பத்திரண்டு வருஷம் மணியடிச்சா எழுந்தவன், மணியடிச்சா உட்கார்ந்தவன்" என்றார். "மணியை மீறுறதுக்கு எவ்வளவு தைரியம் வேணும்னு எனக்குத் தெரியும். நான் ஒருநாள்கூட மீறினதில்ல." பிறகு இன்ஜினைக் காட்டி, இது எத்தனை சிலிண்டர் என்று கேட்டார். மோட்டார்காரர் சொன்னார். அவர் கேட்டுக்கொண்டே இருந்தார், இவர் சொல்லிக்கொண்டே இருந்தார். மேலே எல்லாரும் இறங்கிப் போய், மகள் இரண்டு தடவை கூப்பிட்டுவிட்டாள். அடுத்த வாரம் நிச்சயம் பேசினார்கள்.

நடந்ததை அக்கா அன்றே துறைமுக அலுவலகத்தில் எழுதிக் கொடுத்தார். கயிற்றுக்காரன், யாருக்கும் தெரியாத விஷயத்தை ஏன் மேல்வீடு போய்ச் சொல்லணும் என்று தடுத்துப் பார்த்தான். அறுபது பேருக்குத் தெரியும்டா என்றார். இரண்டு மாதம் சுக்கானைத் தொடக்கூடாது, மறுபடி பரீட்சை என்று உத்தரவு வந்தது. அந்த இரண்டு மாதமும் அக்கா வீட்டில் உட்காரவில்லை. சேலையை இழுத்துச் செருகிக்கொண்டு கீழே இறங்கி, தம்பிக்கு உதவியாளாக வேலை பார்த்தார். எண்ணெய் ஊற்றினார், லீவர் இழுக்கக் கற்றுக்கொண்டார், சுவரின் எதிரொலியைக் கேட்கப் பழகினார். இவ்வளவு சத்தத்துல இத்தனை வருஷம் எப்படிடா இருந்தே என்று ஒருதடவை கேட்டார். அவர் பதில் சொல்லவில்லை. அக்கா பக்கத்திலிருந்த வாளியில் ஸ்பானரால் டங்கென்று தட்டினார். இரண்டு பேரும் சிரித்துவிட்டார்கள்.

மேலே தற்காலிகமாக வந்த சுக்கான்காரர் பேசாத ஆள். சுவர் முடிகிற இடத்தில் அலை தூக்கிப் போட்டதும் மேலே ஜனம் வீலென்று கத்தியது. பிள்ளைகள் அழுதன. அக்கா மேலே பார்த்து, "கேட்டியா? ஆட்டம் வர்ற நேரத்துல அவங்க சிரிச்சுக்கிட்டிருக்கணும். அதுக்குத்தான்டா" என்றார். பத்தொன்பது வருஷம் இதை என்னிடம் ஒரு வார்த்தை சொல்லியிருக்கக் கூடாதா என்று கேட்டார் இவர். நீ கோபப்படறது நல்லா இருந்துச்சு, அதான் என்றார் அக்கா.

பரீட்சையில் முதலாவதாகத் தேறி மறுபடி மேலே ஏறினார். இன்னும் நாலு வருஷம் ஓட்டினார். கேலியும் நடந்தது, பலகையும் அதிர்ந்தது. கீழே இருந்தவருக்கு இப்போது அந்தச் சிரிப்பு அலைக்கு முன்னால் வருகிற ஒரு மணி மாதிரிதான் கேட்டது.

அறுபத்தைந்து முடிந்தால் சுக்கானை விட வேண்டும் என்பது விதி. கடைசி நாள் கடைசி ட்ரிப்பு. பொறுப்பெடுக்கப் புதிதாக ஒருத்தர் வந்திருந்தார். ஆற்றில் படகு ஓட்டிக் கை தேர்ந்தவர், கடல் புதுசு. ஜனம் ஏறிக்கொண்டிருந்தபோது அக்கா ஏணியில் இறங்கி வந்தார். மைக்கைக் கழுத்திலிருந்து கழற்றித் தம்பி கழுத்தில் மாட்டினார். தகர ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்து, கையை லீவரின் மேல் வைத்தார்.

"மேல போ. இத்தனை வருஷம் சுத்தியும் நீ ஒண்ணும் பாக்கல, இன்னிக்குப் பாரு. புது ஆளுக்குப் பக்கத்துல நில்லு. கலங்கரை விளக்கம் முடிஞ்சு சுவர் வந்ததும் சொல்லு, கீழ என் அக்கா இருக்கா, மணியடிச்சாத்தான் பதில் வரும்னு. சிரிப்பு அடங்கற வரைக்கும் அவரைத் திருப்ப விடாதே."